எலும்பு சேரும் வரை யார் சோறு போடுவது?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அரசு மேல்நிலைப் பள்ளியில் முப்பத்தொரு ஆண்டுகள் அறிவியல் கற்பித்து ஓய்வு பெற்றவள் நான். என் வலது கணுக்கால் இன்று அசையாது. பணியில் இருந்தபோது, ஆறு ஆண்டுகளுக்கு முன், கணுக்கால் மூட்டின் மேலெலும்பையும் கீழெலும்பையும் ஒன்றாகச் சேர்த்துவிடும் அறுவைச் சிகிச்சை எனக்குச் செய்யப்பட்டது. மருத்துவர்கள் இதை ஃபியூஷன் என்பார்கள். எங்கள் ஊரில் 'மூட்டை ஒட்ட வைக்கிற ஆபரேஷன்' என்பார்கள். இன்று நான் வலியில்லாமல் நடக்கிறேன். அதே வாரத்தில், அதே மருத்துவமனையில், குதிகாலுக்கு மேலுள்ள மூட்டில் அதே வகை அறுவை செய்துகொண்ட ஒரு கொத்தனாருக்கு எலும்பு சேரவில்லை. மருத்துவர் ஒருவரே, திருகுகளும் ஒரே வகையே. எங்கள் இருவருக்கும் இடையே இருந்த பெரிய வேறுபாடு ஒன்றுதான். அறுவைக்குப் பிந்தைய மூன்று மாதங்களும் எனக்குச் சம்பளம் வந்தது, அவருக்கு வரவில்லை. இந்த ஒன்றைச் சொல்வதற்காகவே இக்கடிதத்தை எழுதுகிறேன். சற்று நீளமாக இருப்பதைப் பொறுத்து வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

முதலில் இந்த அறுவையைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் இதைப் பற்றிய அச்சமும் அறியாமையும் சேர்ந்தே பாதித் தீங்கைச் செய்கின்றன. முழங்காலிலிருந்து இறங்கி வரும் பெரிய எலும்பு தாலஸ் என்னும் எலும்பின் மேல் அமர்ந்திருக்கும் இடம்தான் கணுக்கால் மூட்டு. பாதத்தை மேலும் கீழுமாக அசைப்பது இதன் வேலை. தாலஸுக்குக் கீழே குதிகால் எலும்போடு இன்னொரு மூட்டு இருக்கிறது. பாதத்தை உள்பக்கமாகவும் வெளிப்பக்கமாகவும் சாய்த்துத் தருவது அது. வரப்பில் நடக்கும்போதும், ஜல்லி கொட்டிய தரையில் கால் வைக்கும்போதும், மலைப்படியில் ஏறும்போதும் நாம் விழாமல் இருப்பது இந்தச் சிறிய மூட்டின் தயவால்தான். இதற்கு முன்னால், நடுப்பாதத்தோடு சேரும் இடத்தில், மேலும் இரண்டு மூட்டுகள் உள்ளன. நோய் எங்கே இருக்கிறதோ அதற்கேற்ப, கணுக்காலை மட்டுமோ, குதிகால் மூட்டை மட்டுமோ, பின்பாதத்தின் மூன்று மூட்டுகளையும் சேர்த்தோ, சில நேரங்களில் கணுக்காலையும் குதிகாலையும் ஒரு நீண்ட ஆணியால் கோத்தோ இணைக்கிறார்கள்.

இணைப்பது என்றால் ஒட்டுவது அல்ல. தேய்ந்துபோன குருத்தெலும்பின் மிச்சத்தைச் சுரண்டி எடுத்து, இரத்தம் கசியும் பச்சை எலும்பு இருபுறமும் தெரியும்படி செய்து, பாதத்தைக் காலுக்குச் செங்கோணத்தில் நிறுத்தி, திருகுகளாலோ தகடுகளாலோ இறுக்கிவிடுகிறார்கள். அதன் பிறகு உடல் அந்த இடத்தை ஓர் எலும்பு முறிவாகவே எடுத்துக்கொண்டு, முறிவை ஆற்றுவது போல எலும்பை வளர்த்து இடைவெளியை மூடிவிடுகிறது. ஆக, மருத்துவர் செய்வது தொடக்கம் மட்டுமே. இணைப்பைச் செய்து முடிப்பது நோயாளியின் உடல். அதற்குப் பொதுவாக மூன்று மாதங்கள் தேவைப்படுகின்றன. அவற்றில் முதல் ஆறு முதல் எட்டு வாரங்கள் காலைத் தரையில் ஊன்றவே கூடாது. பிறகு கெட்டியான பூட் அணிந்து, வாக்கர் துணையோடு சிறிது சிறிதாக எடை வைக்கலாம். கட்டட வேலை போன்ற கடின வேலைக்குத் திரும்ப ஆறு மாதங்களுக்கு மேலும் ஆகலாம்.

திருகு காலைத் தாங்குவதில்லை என்பதை எத்தனை பேர் அறிந்திருக்கிறோம்? எலும்பு சேரும் வரை இரண்டு முனைகளையும் அசையாமல் பிடித்துக்கொள்வதுதான் அதன் வேலை. எலும்பு சேராமல் போனால், ஒவ்வோர் அடிக்கும் சிறிது சிறிதாக வளைந்து வளைந்து, எத்தனை உறுதியான உலோகமும் ஒருநாள் முறியும். ஒரு கம்பியைத் திரும்பத் திரும்ப வளைத்தால் அது ஒடிவதைப் பள்ளிக்கூடத்தில் செய்து காட்டியிருக்கிறேன். அதையே ஒரு மனிதரின் காலில், எக்ஸ்ரே படத்தில் பார்க்க நேரும் என்று நான் நினைத்ததில்லை.

என் கதை எளியது. பள்ளிக்குப் போகும் வழியில் ஸ்கூட்டர் சறுக்கிக் கணுக்கால் முறிந்தது. தகடு வைத்து முறிவைச் சரிசெய்தார்கள். முறிவு ஆறியது, ஆனால் மூட்டின் பரப்பு சமனாக ஆறவில்லை. பத்தாண்டுகளில் குருத்தெலும்பு தேய்ந்து, காலையில் கட்டிலிலிருந்து இறங்கும் முதல் அடியிலிருந்து இரவு படுக்கும் வரை வலி என்ற நிலைக்கு வந்தேன். முழங்காலில் தேய்மானம் பெரும்பாலும் வயதால் வருகிறது. கணுக்காலிலோ பத்துப் பேரில் ஏழு பேருக்குப் பழைய அடியினால்தான் வருகிறது என்று மருத்துவ ஆய்வுகள் கூறுகின்றன. இரு சக்கர வாகனங்கள் நிறைந்த நம் சாலைகளையும், கைப்பிடி இல்லாத நம் கட்டடச் சாரங்களையும் பார்த்தால், நம்மிடையே இந்த நோய் இளவயதினருக்கும் உழைப்பாளிகளுக்கும் ஏன் வருகிறது என்பதற்கு வேறு விளக்கம் தேவையில்லை. முதல் முறிவின்போதே எலும்பு முறிவுச் சிகிச்சை மருத்துவரிடம் போகாமல் எண்ணெய்க் கட்டு போட்டுக்கொண்டு, கோணலாகச் சேர்ந்த எலும்போடு பல ஆண்டுகள் கழித்து வருபவர்களையும் அந்த மருத்துவமனையின் பெஞ்சில் நான் கண்டேன்.

எனக்கு அறுவை வேண்டும் என்று சொன்னபோது நான் அழுதேன். மூட்டை அசையாமல் செய்வது என்பது காலை மரக்கட்டையாக்குவது என்று நினைத்தேன். எனக்கு விளக்கம் சொல்ல இரண்டு நிமிடங்களே ஒதுக்கப்பட்டன. பிற்பாடு இயன்முறை மருத்துவராக இருந்த ஓர் இளம்பெண்தான் பொறுமையாகச் சொன்னாள்: "டீச்சர், உங்க மூட்டு இப்பவே பாதிக்கு மேல அசையறது இல்ல. மிச்சம் இருக்கிற அந்த அசைவுலதான் வலி இருக்கு. அதை எடுத்துட்டா வலியும் போயிடும்." அந்த மூன்று வாக்கியங்கள் எனக்குப் போதுமானதாக இருந்தன. இன்று சமதளத்தில் நான் நடப்பதைப் பார்ப்பவர்களுக்குப் பெரிய வேறுபாடு தெரியாது, ஏனெனில் பாதத்தின் மற்ற மூட்டுகள் ஓரளவு ஈடு செய்கின்றன. முடியாதவையும் உண்டு. குந்தி அமர்ந்து கோலம் போட முடியாது. தரையோடு பதித்த கழிப்பறையைப் பயன்படுத்த முடியாது. அரிவாள்மணை முன் ஒரு காலை மடக்கி உட்கார முடியாது. வெறுங்காலோடு கோயில் பிராகாரம் சுற்றுவது கடினம். அடிப்பகுதி முன்னும் பின்னும் வளைந்த செருப்பு இருந்தால் நடை எளிது. இவற்றையெல்லாம் அறுவைக்கு முன்பே எவரேனும் என்னிடம் சொல்லியிருந்தால், கழிப்பறையை மாற்றும் வேலையை ஊன்றுகோலோடு நின்று செய்வித்திருக்க மாட்டேன். இன்னொன்றையும் முன்பே சொல்லவேண்டும். ஒரு மூட்டு நின்றுவிட்டால் அதன் சுமையை அடுத்த மூட்டுகள் ஏற்கின்றன. அமெரிக்காவின் அயோவாவில் கணுக்கால் இணைக்கப்பட்டவர்களைச் சராசரியாக 22 ஆண்டுகள் கழித்துப் பரிசோதித்து 2001 இல் வெளியிட்ட ஆய்வில், பெரும்பாலோருக்கு அதே பாதத்தின் பக்கத்து மூட்டுகளில் தேய்மானம் காணப்பட்டது. அதை அறிந்துகொண்டே நான் சம்மதித்திருப்பேன்; ஆனால் அறிந்து சம்மதிப்பது வேறு, கையெழுத்துப் போடச் சொன்ன இடத்தில் போடுவது வேறு.

செயற்கைக் கணுக்கால் மூட்டு பொருத்தும் விளம்பரங்களைப் பார்த்து, பணமில்லாதவர்களுக்குத்தான் ஃபியூஷன் என்று சிலர் மனம் குன்றுவதையும் கேட்டிருக்கிறேன். அது சரியல்ல. பிரிட்டனில் 17 மருத்துவமனைகளில் 50 முதல் 85 வயது வரையுள்ள 303 நோயாளிகளை இரு பிரிவாக்கி, ஒரு பிரிவினருக்கு மாற்று மூட்டும் மற்றவர்களுக்கு இணைப்பும் செய்து ஒப்பிட்ட ஆய்வின் முடிவு 2022 இல் வெளியானது. ஓராண்டுக்குப் பின் நடப்பதிலும் நிற்பதிலும் இரு பிரிவினருமே நன்கு தேறியிருந்தார்கள். இரண்டுக்கும் இடையே உறுதியாகச் சொல்லத்தக்க வேறுபாடு தெரியவில்லை. மாற்று மூட்டில் காயம் ஆறுவதில் சிக்கல்கள் கூடுதலாக இருந்தன. இணைப்பில் சிலருக்கு எலும்பு சேராமல் போனது. சுமை தூக்கி உழைக்கும் இளவயதினருக்கு இன்றும் இணைப்பே பெரும்பாலும் பரிந்துரைக்கப்படுகிறது. எனவே இது ஏழைக்குத் தரப்படும் இரண்டாந்தரச் சிகிச்சை அல்ல. ஆனால் ஏழைக்கு இது இரண்டாந்தரமாக முடிந்துவிடுகிறது என்பதுதான் என் வருத்தம்.

அந்தக் கொத்தனாருக்கு அப்போது நாற்பத்திரண்டு வயது. இரண்டாம் மாடிச் சாரத்திலிருந்து விழுந்து குதிகால் எலும்பு நொறுங்கியது. உயரத்திலிருந்து கால் ஊன்றி விழுபவர்களுக்குக் குதிகால்தான் முதலில் உடைகிறது. சிலருக்கு முதுகெலும்பும் சேர்ந்து உடைகிறது. இவருக்கு முதுகு தப்பியது. இரண்டாண்டுகள் வலியோடு வேலை செய்து பார்த்தார். மேடுபள்ளத் தரையில் நிற்கவே முடியாமல் போன பிறகு, முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டத்தின் கீழ், கையிலிருந்து பணம் கட்டாமல் அறுவை செய்துகொண்டார். அத்திட்டத்தை நான் குறைகூறவில்லை. ஒரு குடும்பத்துக்கு ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை சிகிச்சைச் செலவை ஏற்கும் அத்திட்டம் இல்லையென்றால் அந்த மனிதர் அறுவை அரங்கின் வாசலையே பார்த்திருக்க மாட்டார். மாவுக்கட்டு அறைக்கு வெளியே, தையல் பிரிக்கக் காத்திருந்தபோதுதான் நாங்கள் பேசத் தொடங்கினோம். அவர் மனைவி வீடுகளில் வேலை செய்பவர், இரண்டு பிள்ளைகள், மூத்தவள் அப்போது ஒன்பதாம் வகுப்பு.

ஐந்தாவது வாரத்தில் அவர் வேலைக்குப் போனார். மாவுக்கட்டின் மேல் பிளாஸ்டிக் பையைச் சுற்றிக்கொண்டு போனார். ஆட்களை மேற்பார்வை பார்த்தால் போதும் என்று ஒப்பந்ததாரர் சொன்னாராம். நின்று மேற்பார்வை பார்ப்பதற்கும் கால் வேண்டும் அல்லவா? ஓரிரு வாரங்களில் சித்தாள் வராத நாளில் சட்டியைத் தூக்கினார். வலித்தது, வலி இயல்புதான் என்று நினைத்தார். "கம்பி வச்சாச்சு இல்ல டீச்சர், இனி என்ன ஆகும்னுதான் நெனச்சேன்" என்று பின்னாளில் என்னிடம் சொன்னார். நான்காம் மாத எக்ஸ்ரேயில் எலும்புகளுக்கிடையே கோடு அப்படியே இருந்தது. எட்டாம் மாதம் ஒரு திருகு முறிந்திருந்தது.

அன்று இயன்முறைப் பிரிவில் அந்த இளம்பெண் அவரிடம் கேட்டதை நான் மறக்கவில்லை. "தளம் போட்டா எத்தனை நாள் கழிச்சு முட்டு பிரிப்பீங்க, அண்ணா?" என்றாள். "இருபத்தோரு நாள்" என்றார் அவர், யோசிக்காமல். "அதுக்கு முன்னாடி ஓனர் அவசரப்பட்டா?" "பிரிக்க விடமாட்டேன். தளம் உக்காந்துடும்." சொல்லிவிட்டு அவரே மௌனமானார். சிறிது நேரம் கழித்து, "இதை முதல்லயே இப்படிச் சொல்லியிருந்தா புரிஞ்சிருக்கும்மா" என்றார். பிறகு, இன்னும் மெல்லிய குரலில், "புரிஞ்சிருந்தாலும் அரிசிக்கு என்ன பண்ணியிருப்பேன்னு தெரியல" என்றார். ஆசிரியர் அவர்களே, நான் கேட்க வந்த கேள்வி அவருடைய அந்த இரண்டாவது வாக்கியத்தில் இருக்கிறது. முதல் வாக்கியத்துக்கான மருந்து எளிது. மருத்துவமனைகள் அறுவைக்கு முன்பே, நோயாளியின் தொழிலிலிருந்து எடுத்த ஓர் உவமையோடும், படத்தோடும், தெளிவான தமிழில் எழுதிய ஒரு தாளோடும் விளக்கம் சொன்னால் போதும். இரண்டாவதற்கு மருத்துவமனையால் மட்டும் விடை சொல்ல முடியாது.

அவர் பீடி குடிப்பவர் என்பதையும் மறைக்க விரும்பவில்லை. புகையிலை இரத்த ஓட்டத்தைக் குறைத்து, எலும்பு சேராமல் போகும் வாய்ப்பைப் பல மடங்கு கூட்டுகிறது என்பது நன்கு அறியப்பட்ட உண்மை. நீரிழிவும் கட்டுக்குள் இல்லையென்றால் அப்படியே. அறுவைக்கு முன் பீடியை விடச் சொன்னார்கள். அவரால் விட முடியவில்லை. அதற்காக அவரைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தி, மற்றதையெல்லாம் மறந்துவிடுவது நியாயமாகாது. அறுவைக்கு இரண்டு மாதம் முன்பே புகையிலை மீட்பு ஆலோசனைக்கு அனுப்பி, விட்ட பிறகே தேதி குறிக்கும் பழக்கம் வந்தால் பலருடைய எலும்பு சேரும். இது நாள் பார்த்துச் செய்யக்கூடிய அறுவை. இரவோடிரவாகச் செய்யவேண்டிய அவசரம் பெரும்பாலும் இதில் இல்லை.

எனக்குக் கிடைத்தது என்ன? மருத்துவச் சான்றின் பேரில் மூன்று மாத விடுப்பு. மாதம் பிறந்தால் வங்கிக் கணக்கில் சம்பளம். தண்ணீர் எடுத்துக் கொடுக்க மகள். காலை உயர்த்தி வைக்கத் தலையணை. நான் ஒழுக்கமான நோயாளி என்று மருத்துவர் பாராட்டினார். அந்தப் பாராட்டை ஏற்றுக்கொள்ள எனக்குக் கூச்சமாக இருந்தது, ஏனெனில் என் ஒழுக்கத்துக்கான விலையை அரசு கட்டிக்கொண்டிருந்தது. ஈ.எஸ்.ஐ. என்னும் தொழிலாளர் காப்பீட்டுத் திட்டத்தில் இருக்கும் ஆலைத் தொழிலாளிக்கும் இதற்கு வழி இருக்கிறது: நோய்க்கால உதவியாக ஆண்டுக்கு 91 நாள் வரை ஊதியத்தில் 70 விழுக்காடும், வேலையில் ஏற்பட்ட காயமானால் குணமாகும் வரை 90 விழுக்காடும் கிடைக்கும். அந்த 91 நாள் என்ற கணக்கு எலும்பு சேரும் காலத்தோடு எவ்வளவு பொருந்துகிறது என்று பாருங்கள். ஆனால் நாள் கூலிக்குச் சாரம் ஏறும் மனிதருக்கோ, பனையேறிக்கோ, கிணறு வெட்டுபவருக்கோ, வீட்டு வேலை செய்யும் பெண்ணுக்கோ ஈ.எஸ்.ஐ. அட்டை இல்லை. கொத்தனாரிடம் கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை இருந்தது. அதைப் புதுப்பிக்காமல் விட்டிருந்தார். அலுவலகத்துக்கு இரண்டு முறை போய் வந்த கூலி நாள்களின் கணக்கை அவர் மனைவி என்னிடம் சொன்னார்.

முற்காலத்தில் இந்த மூன்று மாதங்களை யார் சுமந்தார்கள் என்பதை நினைத்துப் பார்க்கிறேன். என் வகுப்புத் தோழி ஒருத்திக்குக் குழந்தைப் பருவத்தில் இளம்பிள்ளை வாதம் வந்து ஒரு பாதம் துவண்டு கோணிவிட்டது. எலும்பு வளர்ச்சி ஓரளவு முடியும் வயது வரை காத்திருந்து, அவளுக்குப் பின்பாதத்தின் மூன்று மூட்டுகளையும் இணைத்தார்கள். அமெரிக்க மருத்துவர் எட்வின் ரையர்சன் 1923 இல் எழுதிய முறை அது. இளம்பிள்ளை வாதம் தாக்கிய எத்தனையோ பிள்ளைகளை நிமிர்ந்து நடக்க வைத்தது அந்த அறுவைதான். என் தோழி மாவுக்கட்டோடு வாரக்கணக்கில் அரசு மருத்துவமனை வார்டிலேயே இருந்தாள். அங்கேயே ரொட்டியும் பாலும், அங்கேயே நடைப்பயிற்சி. இன்று அவளுக்கு அறுபது வயது கடந்துவிட்டது. அந்தப் பாதத்தோடு தையல் கடை நடத்தி, பேரக்குழந்தைகளைக் கண்டுவிட்டாள். இன்று நான்காம் நாள் வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார்கள். தொற்று அபாயமும் படுக்கைத் தட்டுப்பாடும் அதற்குக் காரணங்கள். அதை நான் தவறென்று சொல்லவில்லை. ஆனால் மருத்துவமனை இறக்கி வைத்த சுமையை வேறு யாரேனும் ஏற்றிருக்கிறார்களா? அது நேராகக் குடிசைக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது.

இதைச் சரியாகப் புரிந்துகொண்ட ஒருவர் நம் மண்ணிலேயே பணியாற்றியிருக்கிறார். கொல்லிமலையில் 1914 இல் பிறந்து, 1946 முதல் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியில் பணிபுரிந்த டாக்டர் பால் பிராண்ட், தொழுநோயாளிகளின் விரல்களும் பாதங்களும் அழிவது சதை அழுகுவதால் அல்ல, உணர்ச்சியற்ற உறுப்பில் திரும்பத் திரும்பப் படும் அடியாலும் அழுத்தத்தாலும்தான் என்று உலகுக்குக் காட்டியவர். அவரும் அவருடைய சகாக்களும் கைகளையும் பாதங்களையும் அறுவையால் சீர்செய்தார்கள். சீரான கைகளோடு ஊர் திரும்பியவர்களுக்குப் பிச்சையும் கிடைக்கவில்லை, வேலையும் கிடைக்கவில்லை என்று கண்டபோது, நவஜீவ நிலையம் என்ற சிறு குடியிருப்பை வேலூரில் அமைத்து, அங்கே தங்கித் தொழில் கற்றுக்கொள்ள வழி செய்தார். மென்மையான நுண்துளை ரப்பர் செருப்புகளை வேலூரிலும் அருகிலுள்ள காரிகிரியிலும் செய்து, அவற்றையும் சிகிச்சையின் ஒரு பகுதியாகவே தந்தார்கள். இன்று உணர்ச்சியிழந்த பாதங்களோடு, மூட்டுகள் வலியில்லாமலே நொறுங்கி வரும் நீரிழிவு நோயாளிகளுக்கும் அந்த அனுபவமே வழிகாட்டுகிறது. அவர்களுக்குச் செய்யும் இணைப்பு பலமுறை காலை வெட்டாமல் காப்பதற்கான கடைசி முயற்சி; எலும்பு சேர அவர்களுக்கு இன்னும் நீண்ட காலம் ஆகிறது. வலி தெரியாததால் அவர்கள் காலை ஊன்றிவிடும் அபாயமும் கூடுதல். மருத்துவர் கத்தியைக் கீழே வைத்ததும் சிகிச்சை முடிந்துவிடுவதில்லை என்பதை எழுபது ஆண்டுகளுக்கு முன்பே வேலூரில் செயலில் காட்டிவிட்டார்கள்.

ஓய்வெடுப்பதற்கு அரசு பணம் தருவது புதிய வழக்கமும் அல்ல. காசநோயாளிக்குச் சத்துணவுக்காக 2018 முதல் மாதம் 500 ரூபாய் தந்து, 2024 நவம்பர் முதல் அதை 1,000 ரூபாயாக உயர்த்தியிருக்கிறார்கள். கருவுற்ற ஏழைப் பெண்ணுக்கு டாக்டர் முத்துலெட்சுமி ரெட்டி மகப்பேறு உதவித் திட்டத்தின் கீழ் 18,000 ரூபாய் மதிப்பிலான உதவி கிடைக்கிறது. கூலி வேலையை நிறுத்திவிட்டு உடலைப் பார்த்துக்கொள்ளட்டும் என்பதே அதன் உட்பொருள். மருந்து வேலை செய்ய வேண்டுமானால் வயிறு நிறைந்திருக்க வேண்டும் என்பதை அந்த இரண்டிலும் அரசு ஏற்றுக்கொண்டுவிட்டது. காலை ஊன்றாமல் இருப்பதையே மருந்தாகக் கொண்ட ஒரு சிகிச்சைக்கு மட்டும் அதை ஏன் ஏற்கக்கூடாது?

நான் கேட்பது இதுதான். காப்பீட்டுத் திட்டத்தின் கீழ் கணுக்கால், பின்பாத மூட்டு இணைப்புக்கு ஒப்புதல் அளிக்கும்போதே, அமைப்புசாராத் தொழிலாளர்களுக்கு 90 நாள்களுக்கான கூலி ஈட்டையும் சேர்த்து ஒப்புதல் அளிக்கவேண்டும். அறுவையின் தேதி முன்பே தெரிந்திருப்பதால் முதல் தவணையை நோயாளி வீடு திரும்பும் நாளிலேயே கொடுத்துவிட முடியும். இரண்டாவது தவணையை ஆறாம் வார எக்ஸ்ரேக்கு வரும்போது தரலாம். அப்போது பரிசோதனைக்கு வராமல் நின்றுவிடுபவர்களும் வருவார்கள். முழங்கால் மாற்று அளவுக்குப் பெருந்தொகையில் நடக்கும் அறுவை அல்ல இது. ஆகவே செலவு கட்டுக்கு மீறிப் போகாது. கட்டுமானத் தொழிலாளர்களைப் பொறுத்தவரை, கட்டடச் செலவில் நூற்றுக்கு ஒரு ரூபாய் நலவரியாக வசூலிக்கப்படுகிறது. சாரத்திலிருந்து விழுந்தவரின் குதிகால் சேரும் வரை அவர் வீட்டு அடுப்பு எரிய அந்த வரியிலிருந்து செலவிடுவதைவிடப் பொருத்தமான செலவு எனக்குத் தோன்றவில்லை. அட்டை புதுப்பிக்கவில்லை என்ற காரணத்துக்காக அறுவை முடிந்து படுத்திருப்பவரை வரிசையில் நிற்க வைக்காமல், மருத்துவமனையிலேயே புதுப்பித்துத் தரும் ஏற்பாடும் வேண்டும்.

பணத்தோடு சேர்த்துச் சில பொருள்களும் தேவை. வாக்கரையும், சக்கர நாற்காலியையும், நடுவில் துளையிட்ட கழிப்பறை நாற்காலியையும் மூன்று மாத இரவலாக மருத்துவமனையே தந்து திரும்பப் பெற்றுக்கொள்ளலாம். தரையோடு பதித்த கழிப்பறை உள்ள வீட்டில், அல்லது கழிப்பறையே இல்லாத வீட்டில், ஒரு காலைத் தூக்கிக்கொண்டு இரண்டு மாதம் இருப்பது எப்படி என்று விடுவிப்புச் சீட்டு எழுதும் மருத்துவர் ஒருமுறை கேட்டால் நன்று. அந்தக் கொத்தனார் காலையில் ஊருக்கு வெளியே போகவேண்டியிருந்ததே அவர் காலை ஊன்றிய முதல் சந்தர்ப்பம் என்று அவர் மனைவி என்னிடம் சொன்னார். 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் இயன்முறைச் சிகிச்சை வீட்டுக்கே வருகிறது. இணைப்பு அறுவை செய்தவர்களின் பட்டியலை மருத்துவமனை அவர்களிடம் அனுப்பினால், மூன்றாம் வாரத்திலேயே ஒருவர் வீட்டு வாசலில் நின்று, "காலை ஊன்றினீர்களா, மாவுக்கட்டு இறுகுகிறதா, விரல் மரத்துப் போகிறதா" என்று கேட்டுவிடுவார். எலும்பு சேர்ந்த பின் தேவைப்படும் வளைந்த அடிப்பகுதிச் செருப்பையும் காப்பீட்டிலேயே சேர்க்கவேண்டும். 

கொத்தனாருக்கு ஒன்றரை ஆண்டு கழித்து மறு அறுவை நடந்தது. முறிந்த திருகை எடுத்து, இடுப்பெலும்பிலிருந்து எலும்புத் துண்டு எடுத்து வைத்து, புதிய திருகுகள் போட்டார்கள். காப்பீடு இரண்டாம் முறையும் பணம் கட்டியது. முதல் முறையே கூலி ஈடு கொடுத்திருந்தால் அந்த இரண்டாம் செலவு நேர்ந்திருக்காது என்று கணக்குத் தெரிந்த எவரும் சொல்வார்கள். இந்த முறை அவர் மூன்றரை மாதம் காலை ஊன்றவில்லை. பீடியையும் விட்டார். மகளிர் சுயஉதவிக் குழுவில் அவர் மனைவி எடுத்த கடனில் குடும்பம் நடந்தது. எலும்பு சேர்ந்தது. ஆனால் இடையில் போன ஆண்டுகளில் அவரிடம் வேலை கற்றவர்கள் மேஸ்திரிகளாகிவிட்டார்கள். சாரம் ஏற அவருக்கும் துணிவில்லை. இப்போது நகரில் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பில் இரவுக் காவலராக இருக்கிறார். மகள் பதினொன்றாம் வகுப்போடு நின்றுவிட்டாள். அவளை மீண்டும் சேர்க்க நான் எடுத்த முயற்சி பலிக்கவில்லை. குழுக் கடனின் கடைசித் தவணையைப் போன தை மாதம்தான் கட்டி முடித்தார்களாம்.

சுகாதாரத் துறையும் தொழிலாளர் நலத் துறையும் ஒரே மேசையில் அமர்ந்தால் இந்த ஏற்பாட்டுக்குப் புதிய சட்டம் எதுவும் தேவைப்படாது என்று நம்புகிறேன். இதைத் தங்கள் நாளிதழின் வழியாக அவ்விரு துறைகளின் அமைச்சர்கள் பார்வைக்கும் கொண்டுசெல்லுமாறு பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நீண்டநாள் வாசகி,
ஓய்வு பெற்ற அறிவியல் ஆசிரியை,
திருவண்ணாமலை மாவட்டம்.